ஹார்மோன் மாத்திரையின் கதை: ஒரே கேள்விக்கு இரண்டு ஆய்வுகள் இரண்டு பதில் சொன்னது ஏன்?

1/
ஒரு மாத்திரை மாரடைப்பைக் கிட்டத்தட்ட பாதியாகக் குறைக்கும்னு மருத்துவ உலகம் பதினைந்து வருஷத்துக்கு மேல நம்பிட்டு இருந்தது. நம்பினவங்க யாரும் முட்டாள்கள் கிடையாது. பல்லாயிரம் பெண்களை வருஷக்கணக்கில் பின்தொடர்ந்த ஆய்வு அவங்க கையில இருந்தது.

2002 ஜூலையில் இன்னொரு பெரிய ஆய்வு பாதியிலேயே நிறுத்தப்பட்டது. அதே வகை மாத்திரைதான். மாரடைப்பு குறையல, கூடியிருந்தது.

ஒரே கேள்விக்கு ரெண்டு ஆய்வு எப்படி நேரெதிரா பதில் சொல்லும்? "ஆய்வில் தகவல்"னு தினம் ஒரு செய்தி ஃபார்வர்டு ஆகுற காலத்துல இந்த வரலாறு எல்லாருக்கும் தெரிஞ்சிருக்கணும். நீளமான த்ரெட். பொறுமையா படிங்க.

2/
முதல்ல மாத்திரை எதுன்னு சொல்லிடறேன். மாதவிடாய் நிற்கும் வயசுல ஈஸ்ட்ரோஜன் சுரப்பு குறையும். திடீர்னு உடம்பு அனலா கொதிக்கும், ராத்திரி வியர்த்துக் கொட்டும், தூக்கம் போயிடும். இதுக்காக 1942ல் அமெரிக்காவில் 'பிரெமரின்' என்ற மாத்திரை விற்பனைக்கு வந்தது. சினையாக இருக்கும் குதிரையின் சிறுநீரிலிருந்து பிரித்தெடுத்த ஈஸ்ட்ரோஜன் அது.

அனலுக்கும் வியர்வைக்கும் அது நல்லா வேலை செஞ்சது. இன்னைக்கும் செய்யுது. அதுல எந்தச் சண்டையும் இல்லை. சண்டை இதயத்தைப் பத்தினது.

3/
1966ல் ராபர்ட் வில்சன் என்ற நியூயார்க் மகப்பேறு மருத்துவர் ஒரு புத்தகம் எழுதினார். மாதவிடாய் நிற்பது இயற்கை இல்லை, அது ஒரு குறைபாட்டு நோய், ஆயுசுக்கும் ஈஸ்ட்ரோஜன் எடுத்தா இளமை நிலைக்கும் என்பது அவர் வாதம். புத்தகம் அமோகமா வித்தது. மாத்திரையும் வித்தது.

1975ல் முதல் அடி. ஈஸ்ட்ரோஜன் மட்டும் எடுக்கும் பெண்களுக்குக் கர்ப்பப்பையின் உள்சுவரில் புற்றுநோய் அதிகம்னு ஆய்வுகள் சொல்லின. அதுக்கு அப்புறம்தான் கர்ப்பப்பை உள்ளவங்களுக்கு புரோஜெஸ்டின் என்ற இன்னொரு ஹார்மோனையும் சேர்த்துக் கொடுக்க ஆரம்பிச்சாங்க.

இந்த ஆபத்தைக் கண்டுபிடிச்சது அப்சர்வேஷனல் ஆய்வுதான். இதை ஞாபகம் வெச்சுக்கோங்க, பின்னாடி தேவைப்படும்.

4/
அப்சர்வேஷனல் ஆய்வுன்னா என்ன? ஆய்வாளர் யாருக்கும் எதையும் கொடுக்க மாட்டார். மக்கள் தாங்களாகவே என்ன சாப்பிடறாங்க, என்ன மாத்திரை எடுக்கறாங்கன்னு குறிச்சுக்கிட்டு, யாருக்கு என்ன நோய் வருதுன்னு பார்ப்பார். பார்ப்பது மட்டும்தான் வேலை.

ராண்டமைஸ்டு ட்ரையல் என்பது வேற. ஆய்வாளரே மருந்தைக் கொடுப்பார். ஆனா யாருக்கு மருந்து, யாருக்குப் போலி மாத்திரை என்பதை டாக்டரும் முடிவு பண்ண மாட்டார், நோயாளியும் முடிவு பண்ண மாட்டார். சீட்டுக் குலுக்கிப் போடுற மாதிரி, தற்செயல்தான் முடிவு பண்ணும்.

வித்தியாசம் இவ்வளவுதான். கேட்க சின்ன விஷயமா இருக்கும்.

5/
1976ல் அமெரிக்காவில் செவிலியர் நல ஆய்வு தொடங்கியது. 30 முதல் 55 வயது வரையிலான 1,21,700 பெண் செவிலியர்கள். ரெண்டு வருஷத்துக்கு ஒரு தடவை தபாலில் கேள்வித்தாள் போகும். செவிலியர்களை எடுத்ததுக்குக் காரணம் உண்டு. நோயின் பேரையும் மருந்தின் பேரையும் சரியா எழுதுவாங்க. பதில் அனுப்பவும் தவற மாட்டாங்க.

1985ல் அதிலிருந்து ஒரு கட்டுரை வந்தது. ஹார்மோன் எடுக்கும் செவிலியர்களுக்கு இதய நோய் ரொம்பக் குறைவு. 1991ல் பத்து வருஷப் பின்தொடர்தலோட இன்னொரு கட்டுரை. ஈஸ்ட்ரோஜன் எடுத்துக்கிட்டு இருக்கறவங்களுக்கு இதய ரத்தக்குழாய் நோய் 44% குறைவு.

6/
இதுல ஒரு வேடிக்கை. 1985ல் அந்தக் கட்டுரை வந்த அதே இதழில், ஃப்ரேமிங்ஹாம் ஆய்விலிருந்தும் ஒரு கட்டுரை வந்தது. ஈஸ்ட்ரோஜன் எடுத்தவங்களுக்கு இதய, ரத்தக்குழாய் நோய்கள் 50 சதவீதத்துக்கும் மேல அதிகம்னு அது சொன்னது!

ரெண்டும் அப்சர்வேஷனல் ஆய்வு. ஒரே இதழ், ஒரே வாரம், எதிரெதிர் பதில். அப்பவே கொஞ்சம் நின்னு யோசிச்சிருக்கலாம். ஆனா அடுத்தடுத்து வந்த பல ஆய்வுகள் செவிலியர் ஆய்வின் பக்கமே நின்னதால, ஃப்ரேமிங்ஹாம் குரல் அமுங்கிப் போச்சு.

1992ல் அமெரிக்காவில் அதிகம் எழுதிக் கொடுக்கப்பட்ட மருந்துகளின் வரிசையில் பிரெமரின் முதலிடத்துக்கு வந்தது. அனலுக்காக வந்த மாத்திரை இதயத்தைக் காக்கும் மாத்திரையா மாறிடுச்சு. எந்தத் தொந்தரவும் இல்லாத 65 வயசுப் பெண்ணுக்கும் எழுதினாங்க.

7/
சரி, எங்கே இடறுது? ஒரே ஒரு கேள்வி கேளுங்க: அந்த மாத்திரையை எடுத்தவங்க யார்?

அன்றைய அமெரிக்காவில் டாக்டரை ஒழுங்கா போய்ப் பார்க்கிற, காசு வசதி உள்ள, படிச்ச பெண்கள். உடல் எடையைக் கவனிப்பாங்க. உடற்பயிற்சி செய்வாங்க. ரத்தக் கொதிப்பும் சர்க்கரையும் இருக்கறவங்களுக்கு டாக்டர்களே ஹார்மோன் எழுதத் தயங்குவாங்க. அப்போ ஏற்கனவே நல்லா இருக்கறவங்கதான் மாத்திரைப் பக்கம் சேர்றாங்க.

அவங்க இதயம் நல்லா இருந்ததுக்கு மாத்திரை காரணமா, அவங்க வாழ்க்கை காரணமா? இந்தக் குழப்பத்துக்குத்தான் கன்ஃபவுண்டிங்னு பேரு.

8/
"அதையெல்லாம் கணக்குப் போட்டுக் கழிச்சிட மாட்டாங்களா?"ன்னு கேட்பீங்க. கழிப்பாங்க. வயசு, எடை, புகை எல்லாத்தையும் கழிச்சாங்க. ஆனா அளந்ததைத்தான் கழிக்க முடியும். அளக்காததை எப்படிக் கழிக்கறது?

இதுக்கு எனக்குத் தெரிஞ்ச நல்ல உதாரணம் 1980ல் வெளிவந்தது. மாரடைப்பு வந்து பிழைச்ச ஆண்களிடம் கொழுப்பு மருந்துகளைச் சோதித்த ஆய்வு. போலி மாத்திரை கொடுத்த குழுவை மட்டும் தனியா எடுத்துப் பார்த்தாங்க. மாத்திரையை ஒழுங்கா சாப்பிட்டவங்கள்ல ஐந்து வருஷத்துல இறந்தவங்க 15.1%. ஒழுங்கா சாப்பிடாதவங்கள்ல 28.2%.

திரும்பப் படிங்க. அது போலி மாத்திரை. அதுக்குள்ள மருந்தே இல்லை!

9/
மாத்திரையை வேளா வேளைக்குச் சாப்பிடற ஆள் சாப்பாடு, தூக்கம், மறுபரிசோதனை எல்லாத்திலும் அப்படித்தான் இருப்பார். அந்தக் குணத்தை எந்தக் கேள்வித்தாளிலும் முழுசா பிடிக்க முடியாது.

ஹார்மோன் விஷயத்துலயும் ஒருத்தர் இதைப் பிடிச்சார். 1987ல் டயானா பெட்டிட்டியும் அவர் குழுவும் கலிஃபோர்னியாவின் வால்நட் கிரீக் ஆய்வில் பார்த்தது: ஹார்மோன் எடுக்கும் பெண்களிடம் இதய நோய் மரணம் குறைவு. கூடவே விபத்து, தற்கொலை, கொலை இவற்றால் வரும் மரணங்களும் குறைவு!

ஈஸ்ட்ரோஜன் மாத்திரை எப்படிங்க கொலையைத் தடுக்கும்? மாத்திரை எடுக்கற பெண்கள் வேற மாதிரியான வாழ்க்கை வாழறாங்கன்னுதான் அர்த்தம். அந்தக் கட்டுரையை அப்போ பெருசா யாரும் கண்டுக்கல.

10/
இந்தச் சிக்கலுக்கு மருந்துதான் குலுக்கல். யோசனை வயல்வெளியிலிருந்து வந்தது. 1920களில் இங்கிலாந்தின் ராதம்ஸ்டெட் வேளாண் ஆய்வு நிலையத்தில் ரொனால்ட் ஃபிஷர் என்ற புள்ளியியலாளர் உர ஆய்வுகளைப் பார்த்துக்கிட்டு இருந்தார். எந்தப் பாத்தியில் எந்த உரம்னு மனுஷன் தேர்ந்தெடுத்தா, நல்ல மண்ணுக்கு நல்ல உரம் போயிடும். அதனால தற்செயலுக்கு விடுங்கன்னார்.

இதை மனுஷங்களுக்குக் கொண்டுவந்தவர் ஆஸ்டின் பிராட்ஃபோர்டு ஹில். டாக்டருக்குப் படிக்க ஆசைப்பட்டவர். முதல் உலகப் போரில் காசநோய் வந்து படிப்புக் கனவு போச்சு. தபால் வழியில் பொருளாதாரம் படிச்சு, புள்ளியியலுக்கு வந்தவர்.

11/
இரண்டாம் உலகப் போர் முடிஞ்ச நேரம். ஸ்ட்ரெப்டோமைசின் புதுசா வந்திருக்கு. பிரிட்டனிடம் வாங்கக் காசு இல்லை, கிடைச்சது கொஞ்சம்தான். எல்லாருக்கும் கொடுக்க முடியாது. அப்போ யாருக்குன்னு குலுக்கலே முடிவு பண்ணட்டும்னாங்க. மூடிய உறைக்குள் பதில்.

107 காசநோயாளிகள். 55 பேருக்கு மருந்தும் படுக்கை ஓய்வும், 52 பேருக்கு ஓய்வு மட்டும். ஆறு மாதத்தில் மருந்துக் குழுவில் 4 பேர் இறந்தாங்க, மற்றதில் 14 பேர். 1948ல் வெளியான இந்த ஆய்விலிருந்துதான் நவீன ராண்டமைஸ்டு ட்ரையலின் வரலாற்றை எழுதுவாங்க. மருந்துக்குக் கிருமி பழகிடும் என்பதையும் இதே ஆய்வு காட்டிடுச்சு.

12/
இந்த வரலாற்றில் நம்ம சென்னைக்கும் இடம் உண்டு. 1956ல் தமிழகத் தலைநகரில் காசநோய் வேதிசிகிச்சை மையம் தொடங்கப்பட்டது. சேத்துப்பட்டில் இன்னைக்கு இருக்கிற தேசிய காசநோய் ஆராய்ச்சி நிறுவனம் அதன் தொடர்ச்சி. காசநோயாளியை சானடோரியத்தில் வெச்சு, நல்ல சாப்பாடு, முழு ஓய்வு கொடுத்தாதான் குணமாகும்னு உலகம் நம்பின காலம். டாக்டர்களின் பல வருஷ அனுபவமும் அதையே சொன்னது.

வாலஸ் ஃபாக்ஸ் தலைமையில் நோயாளிகளைத் தற்செயல் முறையில் பிரிச்சாங்க. ஒரு பாதி சானடோரியத்துக்கு. மறுபாதி நெரிசலான, வறுமையான சொந்த வீட்டுக்கு. மருந்து ரெண்டு பேருக்கும் ஒண்ணுதான். ஒரு வருஷம் கழிச்சுப் பார்த்தா ரெண்டு குழுவும் கிட்டத்தட்ட ஒரே மாதிரி குணமாகியிருந்தாங்க. வீட்டில் கூட இருந்தவங்களுக்கும் அதனால நோய் அதிகம் பரவல.

1959ல் வந்த இந்த முடிவுதான் உலகம் முழுக்க சானடோரியங்கள் மூட ஒரு பெரிய காரணம். இன்னைக்கு காசநோய் மாத்திரையை வீட்டிலிருந்தே சாப்பிட முடியுதுன்னா, இந்தச் சென்னை ஆய்வுக்கு அதில் பங்கு உண்டு.

13/
மறுபடி ஹார்மோனுக்கு வருவோம். 1998ல் ஹெர்ஸ் என்ற ட்ரையலின் முடிவு வந்தது. ஏற்கனவே இதய நோய் உள்ள 2,763 பெண்கள். பாதிப் பேருக்கு ஈஸ்ட்ரோஜனும் புரோஜெஸ்டினும், பாதிப் பேருக்குப் போலி மாத்திரை. சராசரியா நாலு வருஷம்.

மாரடைப்போ இதய நோய் மரணமோ வந்தவங்க: ஹார்மோன் குழுவில் 172, போலிக் குழுவில் 176. ஒரு வித்தியாசமும் இல்லை. அதுலயும் முதல் வருஷத்தை மட்டும் எடுத்தா ஹார்மோன் குழுவில் 57, மற்றதில் 38.

"இவங்க ஏற்கனவே நோயாளிகள், நல்லா இருக்கறவங்களுக்குக் கொடுத்தா பலன் தெரியும்"னு சமாதானம் சொன்னாங்க.

14/
அதுக்கும் பதில் தயாராகிட்டு இருந்தது. அமெரிக்க தேசிய சுகாதார நிறுவனங்களின் முதல் பெண் இயக்குநர் பெர்னடின் ஹீலி. 1991ல் அவர் அறிவிச்சதுதான் விமன்ஸ் ஹெல்த் இனிஷியேட்டிவ். "இவ்வளவு தெளிவா தெரிஞ்ச பிறகும் பாதிப் பெண்களுக்குப் போலி மாத்திரை கொடுக்கறது தர்மமா?"ன்னு அப்போ கேட்டவங்க உண்டு.

கர்ப்பப்பை உள்ள 16,608 பெண்கள் இரட்டை ஹார்மோன் ட்ரையலில் சேர்ந்தாங்க. எட்டரை வருஷத்துக்குத் திட்டம். சராசரியா 5.2 வருஷத்திலேயே நிறுத்திட்டாங்க. மார்பகப் புற்றுநோய் எண்ணிக்கை முன்கூட்டியே வகுத்த எல்லையைத் தாண்டிடுச்சு.

15/
எண்களைப் பொறுமையா பாருங்க. வருஷத்துக்கு 10,000 பெண்களில்:

இதய ரத்தக்குழாய் நோய்: ஹார்மோன் 37, போலி 30.
பக்கவாதம்: 29, 21.
நுரையீரலில் ரத்தக்கட்டி: 16, 8.
மார்பகப் புற்றுநோய்: 38, 30.
இடுப்பு எலும்பு முறிவு: 10, 15.
பெருங்குடல் புற்றுநோய்: 10, 16.

கடைசி ரெண்டில் மாத்திரைக்கு நல்ல பேர். முதல் நாலில் கெட்ட பேர். இதயத்தைக் காக்கும்னு கொடுத்த மாத்திரை இதயத்தைக் காக்கல.

16/
அடுத்து நடந்ததும் பாடம்தான். "மாரடைப்பு 29% அதிகம்"னு தலைப்புச் செய்தி வந்தது. அது பொய் இல்லை. 30 பேருக்கு வர வேண்டியது 37 பேருக்கு வந்தது, ஒருவருக்கு இன்னொருவர் வயசு வித்தியாசம் எல்லாம் கணக்கிட்டுப் பார்த்தா 29% வரும். ஆனா 10,000 பேரில் 7 பேர் கூடுதல்னு அந்தத் தலைப்பு சொல்லல.

உலகம் முழுக்க பெண்கள் மாத்திரையைத் தூக்கிப் போட்டாங்க. 51 வயசுல அனலில் தூக்கமில்லாமல் தவிச்ச, உண்மையிலேயே பலன் கிடைச்சிருக்க வேண்டிய பெண்களுக்கும் டாக்டர்கள் எழுதப் பயந்தாங்க. அதிக நம்பிக்கை ஒரு தலைமுறையைப் பாதிச்சது. அதிகப் பயம் அடுத்த தலைமுறையைப் பாதிச்சது.

17/
ட்ரையலுக்கும் ஒரு வரம்பு இருந்தது. அதில் சேர்ந்தவங்க சராசரி வயசு 63. செவிலியர்கள் மாதவிடாய் நின்ன சூட்டோட ஆரம்பிச்சவங்க. 63 வயசு ரத்தக்குழாயும் 51 வயசு ரத்தக்குழாயும் ஒண்ணு இல்லை.

2008ல் மிகேல் ஹெர்னான் குழு செவிலியர் ஆய்வின் பழைய தரவை எடுத்து, ஒரு ட்ரையல் நடந்தா எப்படிக் கணக்கிடுவாங்களோ அப்படியே திரும்பக் கணக்கிட்டாங்க. அதாவது, மாத்திரை ஆரம்பிச்ச முதல் நாளிலிருந்து எண்ணினாங்க. பழைய கணக்கில், ஆரம்பிச்ச புதுசுல மாரடைப்பு வந்தவங்க பலர் "எடுத்துக்கிட்டு இருக்கறவங்க" பட்டியலுக்கு வராமலே நழுவியிருந்தாங்க. திருத்திப் பார்த்தப்போ ரெண்டு ஆய்வின் பதிலும் பெருமளவு நெருங்கி வந்தது.

செவிலியர்கள் தப்பா எழுதல. அவங்க எழுதினதிடம் கேள்வியைத் தப்பா கேட்டிருந்தாங்க.

18/
அப்போ அப்சர்வேஷனல் ஆய்வே குப்பையா? இங்கேதான் பலர் தடம் மாறறாங்க. "ட்ரையல் இல்லையா, நம்ப மாட்டேன்"னு கிளம்பிடறாங்க.

சிகரெட் புற்றுநோய் தரும்னு நமக்கு எப்படித் தெரியும்? ஆயிரம் பேரைக் குலுக்கிப் போட்டு, பாதிப் பேருக்கு முப்பது வருஷம் சிகரெட் கொடுத்தா பார்த்தாங்க? அப்படிச் செய்யவே கூடாது. அதைக் கண்டுபிடிச்சது முழுக்க அப்சர்வேஷனல் ஆய்வு.

செஞ்சது யார் தெரியுமா? அதே பிராட்ஃபோர்டு ஹில். குலுக்கல் ஆய்வின் தந்தை.

19/
ஹில்லும் ரிச்சர்டு டாலும் லண்டனின் 20 மருத்துவமனைகளில் நுரையீரல் புற்றுநோயாளிகளையும் மற்ற நோயாளிகளையும் விசாரிச்சாங்க. காரணம் தார்ச் சாலையா இருக்கும் என்பது டாலின் ஆரம்பச் சந்தேகம். 1950ல் முடிவு வந்தது. நுரையீரல் புற்றுநோய் உள்ள 649 ஆண்களில் புகைக்காதவர் 2 பேர்தான். ஒப்பீட்டுக் குழுவின் 649 பேரில் 27 பேர்.

பழசை விசாரிச்சா ஞாபகப் பிழை வரும்னு, 1951ல் பிரிட்டிஷ் டாக்டர்களுக்கே கடிதம் போட்டு, 34,439 ஆண் டாக்டர்களைப் பின்தொடர்ந்தாங்க. 50 வருஷம்! 2004ல் வந்த கடைசிக் கணக்கு: வாழ்நாள் முழுக்கப் புகைச்சவங்க சராசரியா 10 வருஷம் முன்னாடி போயிட்டாங்க.

20/
எதிர்த்தவர் யார்? குலுக்கல் யோசனையைத் தந்த அதே ஃபிஷர். வாயில் எப்பவும் பைப். புகைக்கத் தூண்டுவதும் புற்றுநோய் தருவதும் ஒரே மரபணுவா இருக்கலாமேன்னு வாதாடினார். புகையிலைக் கம்பெனிகளின் அமைப்புக்கு ஆலோசகராவும் இருந்தார்.

வாதம் தர்க்கப்படி சரி. அதுவும் கன்ஃபவுண்டிங்தான். ஆனா உண்மைகள் பொருந்தல. அதிகம் புகைச்சா ஆபத்தும் அதிகம். நிறுத்தினா ஆபத்து குறையுது. சிகரெட் பரவின பிறகே புற்றுநோய் பெருகுது. மரபணு சில பத்தாண்டுகளில் மாறாது. அதோட, ஆபத்து பல மடங்கு. 44% குறைவு மாதிரியான வித்தியாசத்தை மறைஞ்சிருக்கும் காரணம் ஒண்ணு உண்டாக்கிடும். பல மடங்கு வித்தியாசத்தை உண்டாக்கறது கஷ்டம்.

21/
1965ல் ஹில் இதையெல்லாம் ஒன்பது அம்சங்களா தொகுத்தார். தொடர்பின் வலு, பல இடங்களில் திரும்பத் திரும்பத் தெரிவது, காரணம் முன்னே விளைவு பின்னே வருவது, அளவு கூடினா விளைவும் கூடுவது இப்படி. இதுல எதுவும் கறாரான சட்டம் இல்லைன்னும் அவரே சொன்னார். அறிவியல் எப்பவும் முழுமையடையாதது, அதைக் காரணமா காட்டி இப்போ தேவைப்படும் நடவடிக்கையைத் தள்ளிப் போடக் கூடாது என்பது அவர் கருத்து.

இந்த ரெண்டு ஆய்வு முறையையும் எதிரிகளா பார்க்காதவர் அவர். எந்தக் கேள்விக்கு எது பொருந்தும்னு பார்த்தார்.

22/
கொரோனாவில் இதை நாமே நேரில் பார்த்தோம். 2020 மார்ச்சில் சிறு ஆய்வுகளை நம்பி ஹைட்ராக்ஸிகுளோரோகுவின் உலகம் முழுக்கப் பரவியது. பிரிட்டனின் ரெகவரி ட்ரையலில் 28 நாளில் இறந்தவங்க: அந்த மாத்திரை எடுத்தவங்கள்ல 27%, எடுக்காதவங்கள்ல 25%. பலன் இல்லை.

அதே ட்ரையலில் விலை குறைஞ்ச பழைய டெக்ஸாமெத்தசோன், வென்டிலேட்டரில் இருந்தவங்க மரணத்தை 41.4 சதவீதத்திலிருந்து 29.3 ஆகக் குறைச்சது. நம்ம அரசு மருத்துவமனை மருந்தகத்தில் எப்பவும் இருக்கிற ஊசி. குலுக்கிப் பார்க்கலேன்னா ரெண்டுமே நமக்கு உறுதியா தெரிஞ்சிருக்காது.

23/
இனி "ஆய்வில் தகவல்"னு வந்தா இதைக் கேளுங்க:

கொடுத்துப் பார்த்தாங்களா, சும்மா கவனிச்சாங்களா?
கவனிச்சதுன்னா, அதைச் சாப்பிடறவங்க வேற எந்த விதத்தில் வித்தியாசமானவங்க?
ஆபத்து அல்லது பலன் எத்தனை மடங்கு? 10,000 பேரில் எத்தனை பேர்?
ஆய்வில் இருந்தவங்க வயசும் நிலையும் என்னோடதுக்குப் பொருந்துதா?
ஒரே ஆய்வா, பலமுறை பார்த்ததா?

மருந்தின் பலனைச் சொல்ல ட்ரையல் வேணும். அரிதான பக்கவிளைவு, பல வருஷம் கழிச்சு வரும் தீமை, கொடுத்துச் சோதிக்கவே கூடாத விஷயம், இதுக்கெல்லாம் அப்சர்வேஷனல் ஆய்வுதான் நமக்குக் கண்.

24/
இதைப் படிக்கிற அம்மாக்களுக்கு, அக்காக்களுக்கு. மாதவிடாய் நிற்கும் சமயத்தில் அனலும் வியர்வையும் தூக்கமின்மையும் வாட்டினா, "எல்லாரும் தாண்டினதுதானே"ன்னு பல்லைக் கடிச்சுக்கிட்டு இருக்க வேண்டியதில்லை. 60 வயசுக்குள், மாதவிடாய் நின்னு பத்து வருஷத்துக்குள் இருக்கிற, மார்பகப் புற்றுநோய், ரத்தக்கட்டி, பக்கவாதம், மாரடைப்பு போன்றவை வராத பெண்களுக்கு ஹார்மோன் சிகிச்சையில் பொதுவா நன்மையே அதிகம். இதயத்தைக் காக்கணும்னு மட்டும் அதை எடுக்க வேண்டாம்.

உங்களுக்கு எதுன்னு உங்களைப் பரிசோதிக்கிற டாக்டர்தான் சொல்லணும். இந்த த்ரெட்டைப் படிச்சு எந்த மாத்திரையையும் ஆரம்பிக்காதீங்க, நிறுத்தவும் செய்யாதீங்க. போய்க் கேளுங்க. கேட்கத் தயங்காதீங்க.